ட்ரயல் ஃபோம் தமிழ்லயும் வேணும்: கிரிக்கெட் தெரிவு செய்ற ஐயாமாருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய ஐயாமாரே,

போன மாசம் நீங்க வச்ச ட்ரயலுக்கு எங்க அக்கா மகனும் வந்திருந்தான், பதினாறு வயசு, ஆஃப் ஸ்பின் போடுவான். அறிவித்தல் முழுக்க சிங்களம், கடை முதலாளிகிட்ட காட்டித்தான் தேதியே தெரிஞ்சுது. விடியக்காலம் மூணு மணிக்கு தேயிலைத் தோட்டத்து லயத்து வீட்டுல இருந்து இறங்கி ரெண்டு பஸ் மாறி வந்தோம், கூட வந்ததுல அக்காவுக்கு அன்னைக்கு ஒரு பேரு, அதான் ஒரு நாள் சம்பளம், போச்சு. அங்க குடுத்த ஃபோமும் சிங்களம், பக்கத்துல நின்ன சிங்களப் பையன்தான் கேட்டு கேட்டு நிரப்பி குடுத்தான், அவன் நல்லா இருக்கணும். பிறகு ஸ்பின் போடுறவங்கள பின்பக்க நெட்டுக்கு வரச்சொல்லி மைக்ல சொன்னாங்களாம், எங்களுக்கு விளங்கல. இவன் நெஞ்சுல நம்பர் குத்திக்கிட்டு மரத்தடியில பந்தை காற்சட்டையில தேய்ச்சுக்கிட்டே இருந்தான், தொடையெல்லாம் சிவப்பு. விளங்கி ஓடிப்போறதுக்குள்ள முடிஞ்சுது, அடுத்த வருஷம் வாங்கன்னுட்டாங்க. ஒரு பந்து கூட போடல ஐயா.

நாங்க கேக்குறது அறிவித்தலும் ஃபோமும் தமிழ்லயும் வேணும், கிரவுண்டுல தமிழ் பேசுற ஒருத்தர் நிக்கணும், அவ்வளவுதான். தமிழும் அரசகரும மொழின்னு 1987லயே அரசியலமைப்புல எழுதியாச்சு.

உங்களுக்கு தெரியாத கதையில்ல. 1948 பெப்ரவரியில சுதந்திரம், அடுத்த மாசமே பிராட்மேனோட ஆஸ்திரேலியா டீம் கொழும்பு ஓவல்ல இறங்கினப்ப நம்ம கேப்டன் சதாசிவம். தமிழ் யூனியன் கிளப்போட கிரவுண்டு அது, இப்ப சரவணமுத்து பேர்ல இருக்கு, 1982ல நம்ம முதல் டெஸ்டும் அங்கதான். அதே 1948லதான் குடியுரிமை சட்டம் போட்டு தோட்டத்து சனத்த நாடில்லாதவங்களா ஆக்கினாங்க, எங்க தாத்தா கடைசி வரைக்கும் எந்த நாட்டு கடதாசியும் இல்லாமத்தான் கண்ண மூடினாரு. தோட்ட வேலைக்கு வந்த அப்படி ஒரு தாத்தாவோட பேரன்தான் நம்ம முத்தையா முரளிதரன். 2010ல காலி கிரவுண்டுல அவரோட 800வது டெஸ்ட் விக்கெட் விழுந்தப்ப லயத்துல வெடி கொளுத்தினோம், கீழ் ஊரு சிங்கள சனமும் ஓடி வந்து கட்டிப்பிடிச்சாங்க, அன்னைக்கு யாரும் பாஷை கேக்கல.

எங்க புள்ளைங்க கொழுந்து நிறுக்குற மடுவத்துக்கு முன்னாடி இருக்குற துண்டு நிலத்துலதான் பழகுறானுங்க, பந்து தேயிலைக்குள்ள விழுந்தா அட்டை கடிச்சுக்கிட்டே தேடுறானுங்க, கிரவுண்டும் இல்ல கோச்சும் இல்ல, அதெல்லாம் வேற ஆளுங்ககிட்ட கேக்க வேண்டியது. உங்ககிட்ட கேக்குறது ஃபோம் தமிழ்லயும் வேணும்னுதான்.

கோபத்துல ஏதும் கூட எழுதியிருந்தா பொறுத்துக்கங்க ஐயா. அடுத்த வருஷம் கூட்டிட்டு வருவேன், அவன் பேர அவனே எழுதுற மாதிரி தயவு செஞ்சு செஞ்சு குடுங்க.

இப்படிக்கு,
ஹட்டன் பக்கத்துல இருந்து ஒரு மாமன்