மாட்ரிட்டிலிருந்து அப்பாவுக்கு

மாட்ரிட்,
ஞாயிற்றுக்கிழமை

அன்புள்ள அப்பாவுக்கு,

வணக்கம். நான் இங்கு நலமாக இருக்கிறேன். அம்மாவின் முழங்கால் வலி இப்போது தேவலையா? விடுமுறை நாட்களில் எப்படிப் பொழுது போகிறது என்று கேட்டிருந்தீர்கள். நான் குடியிருக்கும் லாவாபியேஸ் பகுதியிலிருந்து நடந்து போகும் தூரத்தில் சினே தோரே என்றொரு பழைய திரையரங்கு இருக்கிறது. அரசின் திரைப்பட ஆவணக் காப்பகம் அதை நடத்துவதால், குறைந்த கட்டணத்தில் பழைய படங்களைப் பார்க்க முடிகிறது. சுஸ் லாம்ப்ரெயாவே என்ற ஸ்பானிய நடிகையை நான் அறிந்துகொண்டது அங்கேதான். எந்தப் படத்தைப் பார்த்தாலும் துணை நடிகர்களைப் பற்றியே பேசும் உங்களுக்கு அவரைப் பற்றி எழுதாமல் இருக்க மனம் வரவில்லை.

அவர் 1930ல் இதே மாட்ரிட்டில் பிறந்தவர், ஓவியம் படித்தவர். மார்கோ ஃபெரேரி, பெர்லாங்கா ஆகிய இயக்குநர்களின் படங்களில் சிறு வேடங்களில் வந்துபோய்க்கொண்டிருந்தவரை, 1983 முதல் ஸ்பானிய இயக்குநர் பெத்ரோ அல்மோதோவார் தம் படங்களில் தொடர்ந்து நடிக்க வைத்தபோதுதான் நாடே அடையாளம் கண்டுகொண்டது. அப்போது அவருக்கு வயது ஐம்பதைத் தாண்டியிருந்தது.

தடித்த மூக்குக் கண்ணாடியும் சிறிய உடலுமாக வந்து நின்று, முகத்தில் சிரிப்பின் சாயலே இல்லாமல் அவர் வசனத்தைச் சொல்லி முடிப்பதற்குள் அரங்கு முழுவதும் சிரித்துவிடுகிறது. 1984ல் வந்த படமொன்றில், நெடுஞ்சாலையை ஒட்டிய நெருக்கடியான அடுக்குமாடி வீட்டில் மகன் குடும்பத்தோடு வாழும் பாட்டியாக நடித்திருக்கிறார். கேக்கையும் சோடாத் தண்ணீரையும் பூட்டி வைத்துக்கொண்டு, சொந்த வீட்டாருக்கே காசுக்கு விற்கிறாள் அந்தப் பாட்டி. வழியில் கண்டெடுத்த பல்லிக்குப் ‘பணம்’ என்று பெயர் வைக்கிறாள். ஆனால் அவள் வாய் ஓயாமல் கேட்பதெல்லாம் கிராமத்துக்குத் திரும்பிப் போவதைத்தான். 1950களிலும் 60களிலும் பிழைப்புத் தேடி லா மன்சா, எஸ்த்ரெமதூரா போன்ற கிராமப்புறப் பகுதிகளிலிருந்து மாட்ரிட்டுக்கு வந்து குவிந்த குடும்பங்கள் ஏராளம். எங்கள் கட்டடத்தின் கீழ்த்தளத்தில் இருக்கும் மூதாட்டியும் அப்படி வந்தவர்தான். மாடிப்படியில் என்னைப் பார்க்கும்போதெல்லாம் தம் ஊரின் ஆலிவ் மரங்களைப் பற்றியே பேசுவார். அவர் பேச்சைக் கேட்ட பிறகுதான் அந்தப் பாட்டி வேடத்தின் அருமை எனக்கு முழுமையாக விளங்கியது. லாம்ப்ரெயாவே நடித்தவற்றுள் அதுவே சிறந்தது என்பது என் எண்ணம்.

ஆனால் விருது வாங்கித் தந்தது வேறொரு படம். ஃபெர்னாந்தோ த்ருவேபாவின் ‘பெல் எபோக்’கில் நடித்ததற்காகச் ஸ்பெயினின் திரைப்பட விருதான கோயா விருது, சிறந்த துணை நடிகைக்கான பிரிவில் அவருக்குக் கிடைத்தது. 2006ல் ‘வோல்வர்’ படத்தில் பார்வை மங்கிய பாவுலா அத்தையாகச் சில நிமிடங்களே வருகிறார். இருந்தும், கான் திரைப்பட விழா அந்தப் படத்தின் நடிகையர் ஆறு பேருக்கும் சேர்த்துச் சிறந்த நடிகை விருதை வழங்கியபோது அவரும் அதில் ஒருவராக இருந்தார். 2016ல் காலமானார்.

‘வோல்வர்’ ஆங்கில சப்டைட்டிலோடு கிடைக்கிறது. தம்பியிடம் சொன்னால் போட்டுக் காட்டுவான். அத்தை தொடக்கத்திலேயே இறந்துவிடுவாள் என்பதால், அம்மாவையும் முதலிலிருந்தே உட்கார்ந்து பார்க்கச் சொல்லுங்கள்.

இப்படிக்கு,
தங்கள் அன்பு மகன்