காளிங்கன் தலையில் ஆடிய மந்தாகினிக்கு

அன்புள்ள மந்தாகினி,

பெரியவளான உனக்கு 'நீங்கள்' போட வேண்டும்தான். ஆனால் இந்தக் கடிதம் 1919-இல் 'காலியா மர்தன்' படத்தில் கண்ணனாக வந்த ஏழு வயதுச் சிறுமிக்கு. அவளை 'நீ' என்றுதான் கூப்பிட வருகிறது.

உன் அப்பா தாதாசாகேப் பால்கே 1913-இல் 'ராஜா ஹரிச்சந்திரா' எடுத்தபோது ராணி வேடத்துக்குப் பெண்ணே கிடைக்கவில்லை. ஓட்டல் சமையலறையிலிருந்து வந்த சாளுங்கே புடவை கட்டினார். அந்த ஆண்டே துர்காபாய் காமத்தும் மகள் கமலாபாயும் 'மோகினி பஸ்மாசுர்' படத்தில் நடித்துவிட்டார்கள். இருந்தும் 1917-இல் 'லங்கா தகன்' வந்தபோது இராமனும் சாளுங்கே, சீதையும் சாளுங்கே! ஆண்கள் சீதையாகிக்கொண்டிருந்த காலத்தில் நீ கண்ணனானாய்.

படம் தொடங்கியதும் உன் முகம் மட்டும். முகபாவங்கள் ஒவ்வொன்றாக மாறுகின்றன. பிறகு அந்த முகமே வேடமிட்ட கண்ணனாகக் கரைகிறது. அன்றைக்கு இதைக் கேமராவுக்குள்ளேயேதான் செய்வார்கள். கேமராவின் கைப்பிடியை ஒரு சுற்று சுற்றினால் 8 ஃபிரேம் (தனித்தனிப் படம்) பதியும், நொடிக்கு இரண்டு சுற்று. நான்கு சுற்றுக்குள் லென்ஸின் துவாரத்தைச் சிறுகச் சிறுக மூட வேண்டும். மூடியதும் இருட்டிலேயே பிலிமை அதே நான்கு சுற்று பின்னுக்கு ஓட்ட வேண்டும். வேடம் கட்டியவர் பழைய இடத்தில் வந்து நின்றதும் துவாரத்தைத் திறந்துகொண்டே மறுபடி சுற்றலாம். சுற்று எண்ணிக்கை பிசகினால் நடுவில் கறுப்பு விழும், இல்லையென்றால் வெளிச்சம் பொங்கும். தலை ஓர் அங்குலம் நகர்ந்தாலோ மூக்கு இரண்டு, கண் நான்கு. எண்ணுவது கேமராக்காரர் பாடு. ஆடாமல் நிற்பது நடிகர் பாடு. வளர்ந்தவர்களுக்கே அது வராது.

ஒப்பனையிலும் வம்பு உண்டு. அந்தக் காலத்துப் பிலிமுக்குச் சிவப்பு தெரியாது. உதட்டில் சிவப்புச் சாயம் பூசினால் கரியாக விழும். நீலமோ வெளிறிவிடும். கார்மேக வண்ணன் என்று உடம்பெல்லாம் நீலம் அடித்தால் சுண்ணாம்புக் கண்ணன்தான் மிஞ்சுவான்.

எங்கள் குறை இன்று படத்தை ஓட்டுகிறவர்கள் மேல். நொடிக்கு 16 ஃபிரேமுக்கு எடுத்ததை 24-இல் ஓட்டினால் 1,000 அடி ரீல் ஏறக்குறைய பதினேழு நிமிடத்துக்குப் பதில் பதினொன்றில் முடிந்துவிடும். பாம்பின் தலையில் நீ வைக்கும் அடி துள்ளலாகிவிடும், கூட்டம் சிரிக்கும். அதைவிட மோசம் அந்த முதல் காட்சி. ஒரு பாவம் வடிந்து அடுத்தது ஏறும் முன் உன் முகம் ஒரு கணம் வெறுமையாகும். வேகமாக ஓட்டினால் முதலில் காணாமல் போவது அந்தக் கணம்தான். படத்தில் பாதிக்கு மேல் தப்பிப் பிழைத்திருக்கிறது. இருப்பதையாவது நிதானமாகச் சுற்றலாம்.

அன்புடன்,
உன் பார்வையாளர்கள்