பாம்பன் கரைக்கும் கீழக்கரைக்கும் நன்றி

அன்புள்ள அக்காமார்களே, அண்ணன்மார்களே,

மீனவர் கைது, கச்சத்தீவு, கடல்பாசி என்று இந்தக் கரையில் நான் எடுத்த ஆவணப்படங்கள் எதற்கும் தயாரிப்பாளர் கிடையாது. நீங்கள்தான் இருந்தீர்கள். பாசிப் படமும் முடிந்துவிட்டது, நன்றி சொல்ல வேண்டும்.

முதலில் சின்னப்பாலம் பாசி அக்காமார். மன்னார் வளைகுடாவின் 21 தீவுகள் 1986இல் தேசியப் பூங்காவான பிறகு, தலைமுறையாகப் பாசி எடுத்த இடத்திலேயே நீங்கள் அத்துமீறியவர்கள் ஆகிவிட்டீர்கள். பிடிபட்டால் அன்றைய பாடு அத்தனையும் போகும் என்று தெரிந்தும், முகத்தை மறைக்காமல் பேசினீர்கள். விரலில் துணி சுற்றி, காலில் தகடு கட்டி முங்குகிறீர்கள். எழும்போது வரும் மூச்சைப் பதிவு செய்ய வேண்டும் என்றதும், அரட்டையை நிறுத்திவிட்டு எனக்காக முங்கினீர்கள். படம் அந்த மூச்சில்தான் தொடங்குகிறது. அதன் மேல் ஒரு சுரம்கூட வைக்கவில்லை.

மற்ற இடங்களில் வரும் இசைக்கு கரைவலை அண்ணன்மார்தான் ஆசான்கள். வலை இழுக்கும்போது நீங்கள் பாடும் அம்பாப் பாட்டு, வலை தூரத்தில் இருக்கும்வரை நிதானமாகப் போகும். மீன் சேரும் வலையின் மடி கரையை நெருங்க நெருங்க முன்பாட்டுக்காரர் வேகத்தைக் கூட்டுவார். அவர் அடி முடியும் முன்பே பின்பாட்டு வந்து விழும். இதை எப்படி எழுதுவது என்று கேட்டதற்கு, “நோட்ட வச்சிட்டு கயித்தப் புடி தம்பி” என்றார் பெரியவர். பிடித்தேன். இறுதிக் காட்சியின் தாளம் அன்று கிடைத்தது.

விசைப்படகு உரிமையாளர்கள் சிலருக்குத் தனியாக நன்றி. விசைப்படகுகளின் இழுவைமடி வலை கடலடியை வழிக்கிறது, அக்கரைத் தமிழ் மீனவரின் வலையை அறுக்கிறது என்பதுதான் என் முந்தைய படத்தின் கட்சி. அது தெரிந்தே படகில் ஏற்றினீர்கள், கடன் கணக்கை எடுத்துக் காட்டினீர்கள். என் நிலை மாறவில்லை. ஆனால் உங்கள் பக்கத்தையும் கேட்காமல் அந்தப் படம் நியாயமாக இருந்திருக்காது.

திரையிடச் சம்மதித்த மண்டபம் கடைசி நேரத்தில் கைவிட்டபோது, கீழக்கரைக் காக்காமார், அதாவது அங்குள்ள முஸ்லிம் அண்ணன்மார், வீட்டு முற்றத்தைத் திறந்துவிட்டு, வந்தவர்களுக்கெல்லாம் டீயும் கொடுத்தீர்கள். அப்புறம், சீட்டுப் பணத்தைக் கொடுத்து ஒலிக்கலவையை முடிக்க வைத்த மீன்கார அம்மா, வட்டி வேண்டாம் என்று நீங்கள் சொன்னாலும் அசலைத் தராமல் விடமாட்டேன்.

ஏப்ரல் 15இல் மீன்பிடித் தடைக்காலம் தொடங்கியதும் ஊர் ஊராகப் படுதா கட்டிப் பாசிப் படத்தைப் போடுகிறோம். முதலில் சின்னப்பாலம். முன்வரிசை பாசி அக்காமாருக்கு.