பிரஸ்பர்கர் மாலைக்குக் கைகொடுத்தவர்களுக்கு

அன்பு உறவுகளே,

போன சனிக்கிழமை லண்டனில் நாங்கள் கூடி, திரைக்கதை எழுத்தாளர் எமெரிக் பிரஸ்பர்கரைப் பற்றிப் பேசினோம். 1943இல் வந்த அவருடைய 'கேணல் பிளிம்ப்' படத்தையும் பார்த்தோம். நீங்கள் இல்லாவிட்டால் அந்த மாலை நடந்தே இருக்காது.

முதல் நன்றி என் மேல்வீட்டு ஹங்கேரிய அம்மாவுக்கு. பெயரை எப்படி உச்சரிப்பது என்று கேட்கத்தான் போனேன். தங்கள் ஊரில் குடும்பப் பெயர்தான் முன்னால் வரும், 'பிரஸ்பர்கர் இம்ரே' என்று சொல் என்றார். 1902இல் மிஷ்கோல்ட்ஸ் நகரில் பிறந்த இம்ரே, பெர்லினில் எம்மெரிக் ஆனார், இங்கே எமெரிக் ஆனார். வேலை இடத்துக்காகப் பெயரைச் சுருக்கிக்கொண்ட எங்களில் பலருக்கு இதை விளக்க வேண்டியதில்லை. என் பேச்சை அங்கிருந்துதான் தொடங்கினேன்.

பேரன் கெவின் மக்டொனால்ட் எழுதிய வாழ்க்கை வரலாற்றைத் தேடி எடுத்துத் தந்த நூலக அக்காவுக்கும் நன்றி. ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும் பெர்லின் ஸ்டூடியோ வேலையை விட்டு பாரிசுக்குப் போன பிரஸ்பர்கருக்கு, 1935இல் லண்டன் வந்தபோது ஆங்கிலம் சரியாகத் தெரியாது. சில வருடங்களிலேயே இயக்குநர் மைக்கல் பவலுடன் சேர்ந்து அந்த மொழியில் எழுதி, கதைக்காக ஒஸ்காரும் வாங்கினார். அந்த நேரத்திலும் சட்டப்படி அவர் எதிரி நாட்டு அந்நியர்தான். ஹங்கேரியில் விட்டு வந்த தாய் நாஜிகளின் அவுஷ்விட்ஸ் வதைமுகாமில் இறந்துபோனார். இதை வாசித்த இரவு எனக்குத் தூக்கமே வரவில்லை.

வசனங்களைத் தமிழில் எழுதித் தந்த தம்பிக்கும் தங்கச்சிக்கும் என்ன சொல்வது! படத்தில் தியோ என்ற ஜேர்மன் முதியவர், அகதியாக வந்து அதிகாரி முன் உட்கார்ந்து, ஏன் இந்த நாட்டுக்கு வந்தேன் என்று சொல்லும் காட்சி ஒன்று உண்டு. ஆங்கிலேய மனைவி இறந்துவிட்டாள், பிள்ளைகள் நாஜிகளாகிவிட்டார்கள், அவளுடைய ஊரின் பச்சை நினைவுக்கு வந்தது என்கிறார். கமரா அவர் முகத்தை விட்டு நகர்வதே இல்லை. அந்தக் காட்சிக்கு மட்டும் மூன்று இரவு உட்கார்ந்தோம். 'தாயக ஏக்கம்' என்று நான் எழுதியதை அடித்துவிட்டு, 'ஊர் நினைப்பு' என்று தங்கச்சி எழுதினாள். அவள் எழுதியதுதான் சரி. போர்க்காலத்தில் சேர்ச்சில் தடுக்கப் பார்த்த படம் இது. ஒரு ஜேர்மன்காரனை இவ்வளவு கனிவாக எழுத அன்று பெரிய துணிச்சல் வேண்டும்.

மண்டபம் தந்தவர்களுக்கும், புரொஜெக்டரைத் தூக்கி வந்த தம்பிமாருக்கும், வடையும் தேத்தண்ணியும் தந்த அன்ரிமாருக்கும் மனமார்ந்த நன்றி.

கடைசி வரிசையில் இருந்த ஐயா, படம் முடிந்து விளக்குப் போட்டதும் எழும்பி, "அந்த அகதிக் காட்சியைத் திரும்ப ஒருக்கா போடு தம்பி" என்று கேட்டீர்கள். போட்டோம். போக வெளிக்கிட்டவர்களும் திரும்பி வந்து நின்று பார்த்தார்கள். உங்களுக்கும் நன்றி, ஐயா.