பால்கன் சாலைப் பயணம்: முழுத் தொகையைத் திருப்பித் தரக் கோரி நான்காம் முறையாக எழுதும் புகார்

அனுப்புநர்:
ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியை,
திருச்சிராப்பள்ளி.

பெறுநர்:
மேலாளர், வாடிக்கையாளர் குறைதீர் பிரிவு,
வெளிநாட்டுச் சுற்றுலா நிறுவனம்,
சென்னை.

மதிப்பிற்குரிய ஐயா / அம்மையீர்,

வணக்கம். இதே விஷயமாக மூன்று மின்னஞ்சல் அனுப்பிவிட்டேன். மூன்றுக்கும் ஒரே பதில்தான் வந்தது, ஒரு எழுத்துகூட மாறவில்லை. தொலைபேசியில் எத்தனை முறை பேசினேன் என்று கணக்கு வைப்பதையே விட்டுவிட்டேன். சென்னைக்கும் இரண்டு முறை வந்து போயாயிற்று. உடம்பும் மனசும் ஓய்ந்துபோய்த்தான் இதைக் காகிதத்தில் எழுதி ஸ்பீடு போஸ்டில் அனுப்புகிறேன். தயவுசெய்து கடைசி வரை படியுங்கள்.

சென்ற செப்டம்பரில் தென்கிழக்கு ஐரோப்பாவில் உங்கள் பதினொரு நாள் பால்கன் சிறு குழுப் பயணத்தில் நானும் என் கணவரும் வந்தோம். குரோஷியாவின் துப்ரோவ்னிக்கில் இறங்கி, மாண்டிநீக்ரோ, அல்பேனியா, கொசோவோ என்று வேனிலேயே போய், செர்பியாவுக்குள் நுழைந்து அதன் தலைநகர் பெல்கிரேடில் விமானம் ஏற வேண்டும். ஆளுக்கு 2,85,000 ரூபாய். இந்த வழியைப் போட்டது நீங்கள். அச்சடித்துக் கையில் கொடுத்ததும் நீங்கள்.

பத்தாம் நாள் காலை ஒன்பதரைக்கு கொசோவோவின் தலைநகர் ப்ரிஷ்டினாவிலிருந்து கிளம்பினோம். வடக்கே ஐம்பது கிலோமீட்டருக்குள்தான் மெர்தாரே எல்லை. கொசோவோ பக்கம் முடிந்து செர்பியா பக்கம் போனோம். அங்கிருந்த அதிகாரி என் பாஸ்போர்ட்டை ஒவ்வொரு பக்கமாகப் புரட்டினார். இரண்டாம் முறையும் புரட்டினார். அல்பேனியாவிலிருந்து கொசோவோவுக்குள் வந்தபோது அடித்த முத்திரையில் விரலை வைத்து, "நோ செர்பியா ஸ்டாம்ப்" என்றார். அவ்வளவுதான். பதின்மூன்று பேரையும் திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

ஐரோப்பிய நாடுகள் பலவற்றுக்கும் பொதுவான ஷெங்கன் விசா வைத்திருந்தோம். பலமுறை போய்வரும் விசா. செர்பியாவுக்கு அது போதும், தனி விசா வேண்டாம் என்று நீங்கள் சொன்னதும் சரிதான். ஆனால் சிக்கல் விசாவில் இல்லை, வந்த வழியில் இருந்தது. கொசோவோ 2008 பிப்ரவரியில் தன்னைத் தனி நாடாக அறிவித்துக்கொண்டது. செர்பியா இன்றுவரை அதை ஒப்புக்கொள்ளவில்லை. அவர்கள் கணக்கில் கொசோவோ செர்பியாவின் மண். அப்படியென்றால் அல்பேனியாவிலிருந்து கொசோவோவுக்குள் கால் வைத்த நாங்கள், செர்பியப் போலீஸ் இல்லாத வாசல் வழியாகச் செர்பியாவுக்குள் புகுந்தவர்கள். முறைகேடாக நுழைந்தவர்கள். அதனால் அங்கிருந்து நேராக உள்ளே விடமாட்டார்கள். செர்பியாவிலிருந்து கொசோவோ போய் அதே வழியில் திரும்பினால் தடையில்லை. அல்பேனியா வழியாக வந்தவர்கள் வேறொரு நாட்டைச் சுற்றிக்கொண்டுதான் வர வேண்டும். எங்களுக்கு அது வடக்கு மாசிடோனியா, அதன் தலைநகர் ஸ்கோப்யே வழி.

இதை எனக்கு விளக்கியது யார் தெரியுமா? எல்லையில் சாலையோரம் தேநீர் விற்றுக்கொண்டிருந்த பெரியவர், எங்கள் வழிகாட்டியின் மொழிபெயர்ப்பில். பல வருஷமாக இதே நடைமுறைதான் என்றார். ஒரு தேநீர்க்கடைக்காரருக்குத் தெரிந்தது, ஊர் ஊராக ஆள் கூட்டிப்போய்ச் சம்பாதிக்கும் உங்களுக்குத் தெரியாதா? தெரியாது என்று நான் நம்பத் தயாரில்லை. நீங்கள் விற்கும் சரக்கு உங்களுக்குத் தெரிந்துதான் இருக்கும். தெரிந்தும் அனுப்பியிருக்கிறீர்கள்.

வழிகாட்டிப் பையனை நான் குறை சொல்லவில்லை. அவன் மாண்டிநீக்ரோக்காரன். கொசோவோவின் ப்ரிஸ்ரென் நகரில் பழைய கல்பாலத்தின் மேல் நிற்கவைத்து, சினான் பாஷா மசூதியைக் காட்டி, அந்த ஊரின் கதையை எவ்வளவு அழகாகச் சொன்னான்! மெர்தாரேயில் அவன் முகம் வெளிறிவிட்டது. "சென்னை ஆபீசுக்கு இந்த வழி வேண்டாம் என்று முன்னாடியே எழுதினேன்" என்று எல்லார் முன்னாலும் சொன்னான். அந்தக் கடிதம் உங்கள் கோப்பில் இருக்கும். எடுத்துப் பாருங்கள்.

அங்கிருந்து உங்கள் இருபத்துநாலு மணி நேர அவசர எண்ணுக்குக் கூப்பிட்டேன். அங்கே பதினொன்றரை, சென்னையில் பிற்பகல் மூன்று. நாலாவது தடவைதான் ஒருவர் எடுத்தார். பெயர் கேட்டேன், சொல்லவில்லை. நடந்ததைச் சொன்னதும், "மேடம், நீங்க விசாவைச் சரியாக் காட்டியிருக்க மாட்டீங்க, திரும்பப் போய்க் காட்டுங்க" என்றார். பதின்மூன்று பேருமா சரியாகக் காட்டவில்லை என்று கேட்டேன். "வயசானவங்க வெளிநாடு போனா இப்படித்தான் பதறுவாங்க, கொஞ்சம் தண்ணி குடிங்க" என்று சொல்லி வைத்துவிட்டார். முப்பத்தொரு வருஷம் பள்ளிக்கூடத்தில் வேலை பார்த்தேன். தலைமையாசிரியர்களிடம் திட்டு வாங்கியிருக்கிறேன், கல்வி அலுவலரிடம் வாங்கியிருக்கிறேன். யாரும் என்னைத் தண்ணி குடிக்கச் சொன்னதில்லை. அந்த உரையாடல் என் போனில் பதிவாகியிருக்கிறது.

பிறகு நடந்ததைச் சுருக்கமாகச் சொல்கிறேன். மறுபடி கொசோவோவுக்குள் நுழைந்து ப்ரிஷ்டினா, அங்கிருந்து தெற்கே ஸ்கோப்யே. அதற்குள் ஓட்டுநர் ஓய்வெடுக்காமல் இனி ஓட்ட முடியாது என்றார். மாற்று ஓட்டுநருக்கு நீங்கள் ஏற்பாடு செய்யவில்லை. ஸ்கோப்யேக்கு வெளியே ஒரு பெட்ரோல் பங்கில் நாலு மணி நேரம் உட்கார்ந்திருந்தோம். என் கணவருக்கு முழங்கால் மாற்று அறுவை நடந்து ஒன்றரை வருஷம்தான் ஆகிறது. படிவத்தில் எழுதிக் கொடுத்திருந்தேன். கால் வீங்கி, செருப்புப் போட முடியாமல் பங்க் வாசலில் பிளாஸ்டிக் நாற்காலியில் காலை நீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். வலிக்கிறதா என்று கேட்டால் இல்லை என்றார். அந்த "இல்லை"யை நான் மறக்கமாட்டேன். பெல்கிரேடு ஓட்டலுக்குப் போய்ச் சேர்ந்தபோது விடிகாலை ஐந்து மணி. நாங்கள் வரவில்லை என்று அறையை வேறு யாருக்கோ கொடுத்துவிட்டார்கள்.

இங்கே இன்னொன்றும் சொல்லியாக வேண்டும். "சிறு குழு, அதிகபட்சம் எட்டுப் பேர்" என்று விளம்பரத்தில் போட்டீர்கள். பதின்மூன்று பேரை ஏற்றினீர்கள். மாண்டிநீக்ரோவில் கோட்டோர் கோட்டைக்கு "எளிய நடை" என்று எழுதியிருந்தீர்கள், அது 1,350 படி. கொசோவோவுக்குள் வண்டிக்கு எல்லையில் தனிக் காப்பீடு எடுக்க வேண்டும் என்று சொல்லி ஆளுக்கு ஐந்து யூரோ வசூலித்தார்கள், அதற்கும் ரசீது இல்லை. சைவச் சாப்பாட்டைப் பற்றி எழுத ஆரம்பித்தால் இந்தக் கடிதம் முடியாது. கோட்டோர் வளைகுடா அழகு, அதை மறுக்கமாட்டேன். ஆனால் கடைசி இரண்டு நாள் இப்படி ஆனபின் முன்னால் பார்த்த ஒன்பது நாளும் வீண்தான்.

ஏன் வீண் என்று கேட்பீர்கள். நான் இந்தப் பயணத்துக்குப் பணம் கட்டியதே பெல்கிரேடுக்காக. 1961 செப்டம்பரில் அணிசேரா நாடுகளின் முதல் உச்சி மாநாடு அங்கேதான் நடந்தது. நேரு, யூகோஸ்லாவியாவின் டிட்டோ, எகிப்தின் நாசர், இந்தோனேசியாவின் சுகர்ணோ, கானாவின் நிக்ருமா. இந்த ஐந்து பெயரையும் வருஷா வருஷம் கரும்பலகையில் எழுதியிருக்கிறேன். "டீச்சர், நீங்க பெல்கிரேடு போயிருக்கீங்களா?" என்று ஒரு பையன் கேட்டான். ரிட்டயர் ஆனதும் போவேன் என்று சொன்னேன். டிட்டோவின் சமாதி இருக்கும் மலர் இல்லத்தைப் பார்க்க வேண்டும், கலேமெக்தான் கோட்டையில் நின்று சாவாவும் டான்யூபும் சேரும் இடத்தைப் பார்க்க வேண்டும் என்று பல வருஷமாக ஆசை. போகிற வழியில் நிஷ் நகரில் மண்டையோட்டுக் கோபுரம் உங்கள் திட்டத்திலேயே இருந்தது. 1809இல் துருக்கியரை எதிர்த்து விழுந்த செர்பியர்களின் தலைகளை வைத்துக் கட்டியது. அந்த ஊரை அர்த்தராத்திரியில் நெடுஞ்சாலையோடு கடந்தோம். பெல்கிரேடில் நான் பார்த்தது ஒரு ஓட்டல் வரவேற்பறையின் சோபாவும், ஒரு மருந்துக்கடையும், விமான நிலையமும். மாலை ஆறு மணிக்கு விமானம். கணவரின் காலுக்கு ஐஸ் வைத்துக்கொண்டிருந்தேன், எங்கும் போகவில்லை. இனி எந்த வயதில் நான் மறுபடி போவேன்?

ஸ்கோப்யேயும் அப்படித்தான். அன்னை தெரசா 1910இல் பிறந்த ஊர். ஊருக்குள்ளேகூட அழைத்துப் போகவில்லை.

இப்போது உங்கள் அலுவலகத்துக்கு வருகிறேன். நவம்பரில் நேரில் வரச் சொல்லித் தேதி கொடுத்தது நீங்கள். காலையில் பல்லவனில் ஏறி எழும்பூரில் இறங்கி வந்தோம். இரண்டாம் மாடி, லிப்ட் வேலை செய்யவில்லை, அந்தக் காலோடு என் கணவர் ஏறினார். மேலாளர் மீட்டிங்கில் இருக்கிறார் என்று மாலை ஐந்து வரை உட்காரவைத்தீர்கள். பிறகு அப்பாயின்ட்மென்ட் இல்லாமல் வந்தால் எப்படி என்று கேட்டீர்கள். உங்கள் மின்னஞ்சலை அச்செடுத்துக் கையில் வைத்திருந்தேன். கடைசியில் ஒருவர் வந்தார். வாயைத் திறந்ததும் அடையாளம் தெரிந்துவிட்டது. தண்ணி குடிக்கச் சொன்ன அதே குரல். அவர் சொன்னதை எழுத்து மாறாமல் எழுதுகிறேன்: "மேடம், திட்டத்துல இல்லாத வடக்கு மாசிடோனியாவையும் பார்த்துட்டு வந்திருக்கீங்க. கூடுதலா ஒரு நாடு. அதுக்கு நாங்க காசு கேட்டோமா?"

கணவர் என் கையைப் பிடித்துக்கொண்டார். இல்லாவிட்டால் அன்றைக்கு நான் என்ன பேசியிருப்பேன் என்று எனக்கே தெரியாது. அன்றிரவு மலைக்கோட்டை எக்ஸ்பிரஸில் திரும்பும்போது இருவருமே தூங்கவில்லை.

அடுத்த முறை வந்தபோது ஆளுக்கு 5,000 ரூபாய்க்கு ஒரு வவுச்சர் நீட்டினீர்கள். ஆறு மாதத்துக்குள் உங்களிடமே இன்னொரு பயணம் பதிவு செய்தால் கழித்துக்கொள்ளலாமாம். அதை வாங்கினால் இனிப் புகார் இல்லை என்று கையெழுத்தும் போட வேண்டுமாம். போடவில்லை, போடவும் மாட்டேன். எல்லையில் அனுமதி மறுக்கப்பட்டால் நிறுவனம் பொறுப்பல்ல என்று 14ஆம் நிபந்தனையைக் காட்டினீர்கள். என் தாளில் பிழை இருந்து மறுத்திருந்தால் அந்த நிபந்தனை பொருந்தும். நீங்கள் போட்ட வழியே போகமுடியாத வழி என்றால் அதற்கு யார் பொறுப்பு? உள்ளூர் ஏற்பாட்டாளரைக் கேளுங்கள் என்கிறீர்கள். நான் பணம் கொடுத்தது உங்களிடம், ரசீது உங்கள் பெயரில்.

இன்னொரு விஷயம் எனக்குத் தூக்கத்தைக் கெடுக்கிறது. இந்தியாவும் கொசோவோவை அங்கீகரிக்கவில்லை. ப்ரிஷ்டினாவில் நமக்குத் தூதரகம் கிடையாது. அந்தக் குழப்பத்தில் ஒரு பாஸ்போர்ட் தொலைந்திருந்தால் எங்கே போயிருப்போம்? நம் தூதரகம் இருப்பது பெல்கிரேடில், எங்களை உள்ளே விடாத நாட்டில். பணம் வாங்கும்போது இதில் ஒரு வரியாவது சொன்னீர்களா?

என் கோரிக்கை இதுதான். இருவருக்குமான 5,70,000 ரூபாயையும் முழுமையாகத் திருப்பித் தர வேண்டும். மன உளைச்சலுக்கும் கணவரின் மருத்துவச் செலவுக்கும் சேர்த்து 3,00,000 ரூபாய் தர வேண்டும். எங்களிடம் வெளிநாட்டுப் பயணத்துக்கான முன்வரி, டி.சி.எஸ். என்று 5 சதவீதம் பிடித்தீர்கள், 28,500 ரூபாய். அதற்குச் சான்றான 27டி படிவத்தை இன்னும் அனுப்பவில்லை. வருமான வரித் தாக்கலுக்கு அது வேண்டும், அதையாவது இந்த வாரமே அனுப்புங்கள். அவசர எண்ணில் பேசிய அந்த நபர் என் கணவரிடம் எழுத்தில் மன்னிப்புக் கேட்க வேண்டும். என்னிடம் கேட்காவிட்டாலும் பரவாயில்லை, அவரிடம் கேட்க வேண்டும்.

உங்களோடு சண்டை போட எனக்கு ஆசையில்லை. நல்லபடியாகப் பேசித் தீர்த்துக்கொள்ளலாம், வழக்குக்குப் போகும் தெம்பும் எங்களுக்குக் குறைவு. ஆனால் கடிதம் கிடைத்த பதினைந்து நாளில் பதில் வராவிட்டால் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் பதிவு செய்துவிட்டு, திருச்சி மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் சேவைக் குறைபாட்டுக்காக மனு போடுவேன். 2019ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி நான் வசிக்கும் ஊரிலேயே வழக்குத் தொடுக்கலாம். இனி நான் சென்னைக்கு வரமாட்டேன், நீங்கள்தான் திருச்சிக்கு வர வேண்டியிருக்கும். உடன் வந்தவர்களில் ஒன்பது பேர் சாட்சிக் கடிதம் தருவதாகச் சொல்லியிருக்கிறார்கள்.

தாங்கள் மனசாட்சியோடு இதைப் பார்ப்பீர்கள் என்று இன்னமும் நம்புகிறேன்.

இப்படிக்கு,
தங்கள் வாடிக்கையாளர்

இணைப்பு: ரசீது நகல்கள், பயணத் திட்டம், இருவரின் பாஸ்போர்ட் முத்திரைப் பக்கங்கள், மருத்துவச் சீட்டுகள், மின்னஞ்சல் நகல்கள்.

பின்குறிப்பு: இதை எழுதி முடித்துவிட்டு உங்கள் வரும் ஏப்ரல் பயணத்தின் விளம்பரத்தைப் பார்த்தேன். பத்தாம் நாள், ப்ரிஷ்டினாவிலிருந்து நேராக நிஷ், பெல்கிரேடு என்றே இருக்கிறது. என் பணத்தைப் பிறகு பேசிக்கொள்ளலாம். முதலில் அந்த வழியை மாற்றுங்கள். அந்த வேனிலும் முழங்கால் வலியோடு யாராவது இருப்பார்கள்.