மேம்பாட்டாளரையும் மனுவில் சேருங்கள்

ஜார்ஜ்டவுன், பினாங்கு

அன்புள்ள கூட்டாளிக்கு,

கடிதமும் மனு நகலும் கிடைத்தன. இங்கே எல்லாரும் நலம். பேத்தி பாலர் பள்ளிக்குப் போக ஆரம்பித்துவிட்டாள், காலையில் வீடே இரண்டுபடுகிறது. முட்டிவலிதான் விடுவதாக இல்லை. இந்தத் தைப்பூசத்துக்குத் தண்ணீர்மலையானைக் கீழே நின்றே கும்பிட வேண்டியதுதான்.

சரி, உங்கள் திடல் விவகாரம். அங்கே அடுக்குமாடி கட்ட நகராட்சி மன்றம் கொடுத்த அனுமதியை ரத்து செய்யச் சொல்கிறீர்கள். ஆனால் எதிர்மனுதாரராக மன்றத்தை மட்டும் போட்டிருக்கிறீர்கள். அனுமதி வாங்கிய மேம்பாட்டாளர் எங்கே? "அவனைச் சேர்த்தால் பெரிய பெரிய வக்கீலாகக் கொண்டுவருவான்" என்று கமிட்டியில் சொன்னார்களாம். வக்கீல் ஆபீசில் கிராணியாக இருந்தபோது இந்தப் பேச்சை நிறையக் கேட்டிருக்கிறேன். நீங்கள் சேர்க்காவிட்டாலும் அவன் வரத்தான் போகிறான். நம் 2012 நீதிமன்ற விதிகளில், இந்த மாதிரி சீராய்வு மனுக்களுக்கான 53-ஆவது ஆணை, நேரடியாகப் பாதிக்கப்படுகிறவர்களுக்கு மனுவைச் சார்வு செய்யச் சொல்கிறது, அதாவது நகலை முறைப்படி கையில் சேர்க்கச் சொல்கிறது. சார்வு செய்யப்படாதவர்கூட, தகுந்த ஆள் என்று நீதிபதிக்குப் பட்டால், வந்து எதிர்த்துப் பேசலாம். அப்புறம் மறைத்து என்ன லாபம்? நீதிபதிக்கு உங்கள் மேல் சந்தேகம் வருவதுதான் மிச்சம்.

இந்தியாவில் இதை இன்னும் கறாராகப் பார்க்கிறார்கள். உதித் நாராயண் சிங் வழக்கு பீகாரில் சாராயக் கடை உரிமம் பற்றியது. யாருக்குச் சாதகமாக உத்தரவு வந்ததோ அவர்களையே சேர்க்காமல் ரிட் போட்டார் மனுதாரர். அதைத் தள்ளியது சரிதான் என்றது உச்ச நீதிமன்றம். எனக்கும் அதுதான் நியாயமாகப் படுகிறது. அண்ணனைக் கூப்பிடாமல் தம்பிகள் பாகப்பிரிவினை எழுதிக்கொண்டால் அந்தப் பத்திரம் எத்தனை நாளைக்கு நிற்கும்?

அதற்காக ஊரையே இழுத்துப் போடாதே. பத்திரிகையில் அறிக்கை விட்ட அரசியல்வாதியைச் சேர்க்க வேண்டும் என்று உன் செயலாளர் துடிப்பது வெறும் ஆத்திரம். சாதாரண வழக்குகளில் யாரைச் சேர்ப்பது என்பதற்கு பெகாங் மைனிங் வழக்கில் அப்போது நம் மேல்முறையீடுகளைக் கேட்ட லண்டன் பிரிவி கவுன்சில் 1969-இல் ஓர் அளவுகோல் சொன்னது. வரப்போகும் உத்தரவு அந்த ஆளின் உரிமையையோ பொறுப்பையோ நேரடியாகத் தொடுமா என்று பார்க்க வேண்டும். உங்கள் மனுவுக்கும் அந்தக் கேள்வி உதவும். மேம்பாட்டாளரைத் தொடும், அரசியல்வாதியைத் தொடாது. முன்பணம் கட்டி வீடு பதிந்தவர்கள் யாராவது இருந்தால்தான் யோசிக்க வேண்டும். மன்றத்துக்கும் உங்களுக்கும் நடக்கும் சண்டையில் அவர்கள் பணம் மாட்டும். விற்பனை தொடங்கிவிட்டதா என்று முதலில் விசாரி.

ஆள் கூடினால், தோற்கும்போது செலவுத்தொகையும் கூடலாம். அதைக் கமிட்டியில் மறைக்காமல் சொல்லிவிடு.

இன்னொன்று. முடிவு உங்களுக்குத் தெரியவந்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் மனு போயாக வேண்டும். மன்றத்தின் கடிதம் என்ன தேதியில் கைக்கு வந்தது என்று நீ எழுதவே இல்லை. இதைப் படித்ததும் போன் பண்ணு. வக்கீலைப் பார்க்கும்போது அந்தக் கடிதத்தை உறையோடு எடுத்துப் போ.

தங்கச்சியைக் கேட்டதாகச் சொல்.

உன் பழைய கூட்டாளி