மட்லேவியாவில் சேறு சுமந்தவர்கள்: வாரன் கவுண்டி வரலாற்றுச் சங்கத்திற்கு ஒரு திறந்த மடல்

பெருமதிப்பிற்குரிய சங்கத்தினருக்கு,

வணக்கம். இன்டியானா மாநிலத்தில் உங்கள் கவுண்டியிலுள்ள கிரேமர் என்னும் சிற்றூரில் ஒருகாலத்தில் புகழோடு விளங்கிய மட்லேவியா சேற்றுக்குளியல் விடுதியைப் பற்றி ஒரு வேண்டுகோளை உங்கள் முன் வைக்கிறேன். இதன் ஆங்கில வடிவத்தைத் தனியே அனுப்பியுள்ளேன்.

அவ்விடுதியின் கதை வழக்கமாகச் சாமுவேல் ஸ்டோரியிடமிருந்து தொடங்கும். அமெரிக்க உள்நாட்டுப் போரில் பங்கேற்றவரும் மூட்டுவாதத்தால் அவதிப்பட்டவருமான அவர், 1884-இல் அங்கு வாய்க்கால் வெட்டிக்கொண்டிருந்தபோது ஊற்று நீரைக் குடித்து, சேற்றில் நின்று உழைத்ததால் நோய் நீங்கப் பெற்றார் என்பார்கள். 1890-இல் ஹென்றி கிரேமர் 2,50,000 டாலர் செலவில் அங்கே விடுதி எழுப்பினார். ரயிலில் அட்டிகா வரை வந்த விருந்தினர்கள் வபாஷ் ஆற்றைக் கடந்து அங்கு சென்றனர். கவிஞர் ஜேம்ஸ் விட்காம் ரைலியும் குத்துச்சண்டை வீரர் ஜான் சல்லிவனும் அங்கே தங்கியவர்கள். 1920-இல் விடுதி தீக்கிரையானது. பின்னர் அங்கே எழுந்த கட்டடமும் 1974-இல் எரிந்துபோனது.

இதுவரை எல்லாரும் சொல்வதுதான். ஆனால் கிரேமர் விற்றது சேற்றை மட்டுமன்று. 'காஸ்கரெட்ஸ்' என்னும் பேதி மாத்திரையை, நீங்கள் உறங்கும்போதே அது வேலை செய்யும் என்று நாடெங்கும் விளம்பரப்படுத்தி விற்றவரும் அவரே. அவ்வளவு தேர்ந்த விளம்பரக்காரரின் கைபட்ட 'குணமானார்' கதைகளை நாம் சற்று எட்ட நின்றே படிக்க வேண்டும். அதற்காக அங்கு வந்தவர்கள் அனைவரும் ஏமாளிகள் என்றும் சொல்லிவிட முடியாது. ஆஸ்பிரின் 1899-இல்தான் சந்தைக்கு வந்தது. அதற்கு முன் மூட்டுவலிக்காரருக்குச் சூடான சேறு தந்த சில மணி நேர இதமே பெரிய வரம்.

அந்த இதத்தை உண்டாக்கிய கைகளைப் பற்றித்தான் இம்மடல். அக்காலச் சேற்றுச் சிகிச்சை கடும் உழைப்பைக் கேட்டது: சேற்றை வெட்டி, கல்லும் வேரும் நீக்கி, பதமாகச் சூடாக்கி, படுத்திருப்பவரின் கழுத்துவரை அப்ப வேண்டும், கையை அசைக்க முடியாமல் கிடப்பவரின் நெற்றி வியர்வையைத் துடைத்து, தண்ணீர் புகட்ட வேண்டும், பின்பு ஈயம்போல் கனக்கும் அச்சேற்றை வழித்தெடுத்து, அவரைக் கழுவிவிட வேண்டும். ஒருவர் எழுந்தால் அடுத்தவர் காத்திருப்பார். சல்லிவன் போன்ற பருத்த உடலுக்கு எத்தனை வாளி பிடித்திருக்குமோ!

ஆகவே, அங்கு பணிபுரிந்தவர்களின் பெயர்களை 1900, 1910 ஆண்டுகளின் மக்கள்தொகைக் கணக்கேடுகளிலிருந்து தொகுக்குமாறு கேட்டுக்கொள்கிறேன். தொழில் என்ற பத்தியில் அவர்கள் வேலை பதிவாகியிருக்கும், அவ்வேடுகளும் பொதுமக்கள் பார்வைக்குத் திறந்தே உள்ளன. அதைவிட அவசரமானது இன்னொன்று. இரண்டாவது கட்டடத்தில் இருபது வயதில் வேலை பார்த்தவருக்கு இன்று எழுபதுக்குக் குறையாது. கணக்கேடுகள் காத்திருக்கும் என்பதால், முதலில் அவர்கள் வீட்டுக் கதவைத் தட்டுங்கள். தங்கள் தாத்தா பாட்டியிடம் கேட்ட சேற்றுக்கதைகளையும் அவர்கள் வைத்திருக்கக்கூடும். குரலைப் பதிவுசெய்யவும் எழுத்தாக்கவும் வார இறுதிகளில் ஊதியமின்றி உதவ நான் ஆயத்தமாக இருக்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் அன்புள்ள வாசகன்